மூன்றாவது தம்பி எழுதியது

எனக்குச் சீன மொழியில் ஓர் எழுத்துகூடத் தெரியாது. சீனாவைப் பார்த்ததும் இல்லை. வடக்கே நான் போன அதிகபட்சத் தூரம் சென்னைப் பட்டணம், அதுவும் ஆசிரியர் பயிற்சிக்காக. இருந்தும் விருதுநகரில் நாங்கள் குடியிருந்த தெருவில் எனக்குச் 'சீனா வாத்தியார்' என்றுதான் பெயர். மிளகாய்க் கிட்டங்கியில் மூட்டை சுமப்பவர்கள் முதல் பலசரக்குக் கடைக்காரர் வரைக்கும் அப்படித்தான் சொன்னார்கள். முதலில் கேலியாகச் சொன்னார்கள், பிறகு பழக்கத்தில் சொன்னார்கள், அறுபத்திரண்டாம் வருஷக் கடைசியில் மட்டும் குரலைத் தாழ்த்திச் சொன்னார்கள். அதற்கப்புறம் மறுபடியும் கேலி. எனக்கு எல்லாம் ஒன்றுதான். ஒரு பட்டப்பெயருக்காகச் சண்டை பிடிக்கும் தெம்பு எனக்கு எந்த வயதிலும் இருந்ததில்லை.

இந்தப் பெயர் வீட்டுக்குள் வந்தது ஒரு தேயிலைப் பெட்டியில். என் மனைவி மிஷன் ஆஸ்பத்திரியில் நர்ஸ். ஐம்பதுகளின் தொடக்கத்தில் அங்கே ஒரு வெள்ளைக்கார டாக்டரம்மா வந்து சேர்ந்தார். ஆயுளில் பாதியைச் சீனாவில் ஏதோ ஓர் ஆற்றங்கரை ஊரில் கழித்தவர். அங்கே ஆட்சி மாறியதும் வெளியே அனுப்பிவிட்டார்கள். எங்கள் ஊர் அவருக்கு ஒத்துவரவில்லை. வெயிலைக்கூடப் பொறுத்துக்கொண்டார், மிளகாய் நெடியைத் தாங்க முடியவில்லை. ஆபரேஷனுக்கு நடுவே தும்மல் வந்துவிடுமோ என்ற பயத்திலேயே இளைத்துப்போனார் என்பாள் என் மனைவி. சொந்த நாட்டுக்குக் கப்பலேறும் முன், "உன் வீட்டுக்காரர் சரித்திர வாத்தியார்தானே" என்று சொல்லி, ஒரு தேயிலைப் பெட்டி நிறையப் புத்தகங்களை அவள் தலையில் கட்டிவிட்டுப் போனார். சீனச் சரித்திரம், சீனத் தத்துவம், சீனக் கவிதை, எல்லாம் இங்கிலீஷில். சில வருஷம் அந்தப் பெட்டி எங்கள் வீட்டில் இஸ்திரி மேஜையாக உழைத்தது.

அதை நான் திறந்தது ஞானதாகத்தால் அல்ல. முழுப்பரீட்சைத் தாள் திருத்திக்கொண்டிருந்தேன். அசோகர் மரம் நட்டார், அசோகர் மரம் நட்டார் என்று படித்துப் படித்து, இனி இன்னொரு அசோகரைப் பார்த்தால் வாந்தி வரும் என்ற நிலையில், கைக்கு வந்த புத்தகத்தை எடுத்துப் பிரித்தேன். அந்தப் பக்கத்தில் சீனத்து அரசாங்கப் பரீட்சையைப் பற்றி எழுதியிருந்தது. ஓர் ஆள் குந்தியிருக்க மட்டுமே இடமுள்ள அறைகளில், படுக்கையும் சோற்று மூட்டையுமாக வந்து, நாள்கணக்கில் அடைபட்டு எழுதுவார்களாம். தேறினால் அதிகாரி. தேறாதவன் அடுத்த தடவையும் வருவான், அதற்கடுத்த தடவையும் வருவான். பேரன் எடுத்த பிறகும் நடுங்கும் கையோடு வந்து உட்கார்ந்த கிழவர்கள் உண்டாம். அந்தக் கிழவர்களின் தாளைத் திருத்தியவன் என்ன பாடுபட்டிருப்பான் என்று எனக்குத் தோன்றியது. அந்த முகம் தெரியாத ஆளின் மேல் வந்த பரிதாபம்தான் என்னைச் சீனாவுக்குள் இழுத்துக்கொண்டு போனது.

அதற்கப்புறம் விடவில்லை. அந்த ஊர்க் கவிஞர்களில் நிறையப்பேர் சர்க்கார் உத்தியோகஸ்தர்கள். மழை, ஆறு, படகு, பிரிந்துபோன சிநேகிதன் எல்லாம் பாட்டில் இருக்கும், அடியில் பார்த்தால் தூரத்து ஊருக்கு வந்த ஒரு மாற்றல் உத்தரவு இருக்கும். ஒவ்வொரு ஜூன் மாதத்தையும் மாற்றல் பயத்தில் கழித்த போர்டு ஸ்கூல் வாத்தியாருக்கு இதை யாரும் விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை. தத்துவத்தில் இரண்டு கட்சி கண்ணில் பட்டது. ஒரு கட்சி, மரியாதையையும் முறையையும் பிடித்துக்கொண்டால் நாடு நேராகும் என்றது. இன்னொரு கட்சி, அலட்டிக்கொள்ளாதே, தண்ணீர் போகிற வழியே போ என்றது. நான் பள்ளிக்கூடத்தில் முதல் கட்சி, வீட்டுக்கு வந்தால் இரண்டாவது கட்சி.

இதையெல்லாம் தமிழில் எழுதிவைத்தால் என்ன என்ற ஆசை ஐம்பத்தேழு வாக்கில் வந்தது. ஆசை என்று சொல்கிறேன், அப்போது அது வியாதி மாதிரி இருந்தது. எனக்கென்று இந்த உலகத்தில் ஒரு காரியம் உண்டு என்றால் இதுதான் என்று நினைத்தேன். பிள்ளைகள் எங்களுக்கு இல்லை. சாயங்காலம் பள்ளிக்கூடம் விட்டு வந்து எழுதுவேன், எழுதியதை மனைவிக்கு வாசிப்பேன். அவள் நாள் முழுக்க வார்டில் நின்றுவிட்டு வந்து, மறுநாள் உடுத்த வேண்டிய வெள்ளைச் சேலையை மடியில் போட்டுக்கொண்டு, சுவரில் சாய்ந்து கேட்பாள். சிவகாசிப் பக்கமிருந்து தீப்பட்ட கேஸ் வந்த நாள் என்றால் ஓர் அரச வம்சம் முடிவதற்குள் தூங்கிவிடுவாள். நான் நிறுத்தினால் கண்ணைத் திறக்காமலே, "கேட்டுக்கிட்டுத்தான் இருக்கேன், படிங்க" என்பாள். மூவாயிரம் வருஷச் சரித்திரத்தையும் அவள் இப்படி ஓட்டையும் உடைசலுமாகக் கேட்டு முடித்தாள்.

புத்தகமாகப் போட முன்வந்தவர் சிவகாசியில் லேபிளும் காலண்டரும் அடிக்கிற ஓர் அச்சக முதலாளி. அவரை அண்ணாச்சி என்று கூப்பிடுவேன். பள்ளிக்கூட விழா நோட்டீஸ் அடிக்கப் போன இடத்தில் பழக்கம். ஒருநாள் வெடிமருந்து கண்டுபிடித்த கதையை அவருக்குச் சொன்னேன்.

"சாகாம இருக்கிறதுக்கு மருந்து தேடிப் போயி இதைக் கண்டுபிடிச்சானா?" என்றார்.

"ஆமா அண்ணாச்சி. சாமியார்க. கந்தகத்தையும் வெடியுப்பையும் தேனோட சேத்துக் காய்ச்சியிருக்காங்க. கையும் முகமும் பொசுங்கி, குடியிருந்த வீடும் எரிஞ்சு போச்சு."

அவர் தொந்தி குலுங்கச் சிரித்தார். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டு, "அன்னைக்கே தலைமுழுகியிருக்கலாம்" என்றார். அந்த மாதம்தான் அவருக்கு வேண்டிய ஒருவரின் பட்டாசுக் கம்பெனியில் மருந்து கலக்கும் அறை ஒன்று ஆட்களோடு வெடித்துப் போயிருந்தது. நான் எழுந்து வரும்போது அவராகவே சொன்னார், "காயிதமும் அவன், மருந்தும் அவன். நம்ம ஊருக்கே அப்பன் அவன்தானே சார். அவனுக்கு ஒரு புஸ்தகம் போடாட்டா எப்பிடி? நான் அடிச்சுத் தாரேன்."

சீனர்களும் நாமும் சகோதரர்கள் என்று ரேடியோ சொல்லிக்கொண்டிருந்த காலம் அது.

அடித்துத் தருகிறேன் என்று சொன்னது சுலபமாக இருந்தது, அடித்தது சுலபமாக இல்லை. அங்கே மிஷின் லேபிளுக்குப் பிறந்தது. தீபாவளி சீசன் லேபிள் முடிந்தால் காலண்டர், காலண்டர் முடிந்தால் தீப்பெட்டி லேபிள். இடையில் மிஷின் மூச்சு வாங்கும் நாள்களில் என் சீனா ஒரு பாரம் ஓடும். ஒரு பாரம் என்றால் பதினாறு பக்கம் கொண்ட ஒரே பெரிய தாள். புரூஃப் பார்க்க நான் சனிக்கிழமைதோறும் ரயிலேறிச் சிவகாசி போவேன். பல சனிக்கிழமைகளில், "லேபிள் ஆர்டர் வந்துருச்சு சார், அடுத்த வாரம் வாங்க" என்று ஒரு டீ வாங்கிக் கொடுத்து அனுப்பிவிடுவார்கள். திரும்பும் ரயிலில் உட்கார இடம் கிடைத்தால் அன்றைக்கு நல்ல நாள்.

கையெழுத்துப் பிரதி என்று எதையும் நான் வைத்துக்கொள்ளவில்லை. அச்சுக்கோப்பவர்கள் என் தாளை எடுத்து முன்னால் செருகிக்கொள்வார்கள், எழுத்துக் கோத்து முடிந்ததும் அதிலேயே கை மையைத் துடைத்துப் போட்டுவிடுவார்கள். அங்கே எல்லாருடைய தாளுக்கும் அதுதான் கதி. அச்சாகிவிட்ட பிறகு கையெழுத்துக்கு என்ன மரியாதை என்று நானும் இருந்துவிட்டேன். வேலை பாதி தாண்டியபோது அச்சடித்த பாரங்கள் கிட்டங்கியின் ஒரு மூலையில் இடுப்பளவு உயர்ந்திருந்தன. போகும்போதெல்லாம் அந்த அடுக்கின் மேல் கையை வைத்துப் பார்ப்பேன். அறுபத்திரண்டு கோடையில் முன்னுரையும் தலைப்புப் பக்கமும் மட்டும் பாக்கி. "தீபாவளி கழியட்டும் சார், பைண்டிங் பண்ணி உங்க கையில கொடுத்துருவேன்" என்றார் அண்ணாச்சி.

தீபாவளிக்கு முந்தின வாரம் எல்லையில் சண்டை தொடங்கிவிட்டது.

அதன் பிறகு நடந்ததை நினைத்தால் இன்றைக்கும் அலுப்பாகத்தான் வருகிறது. பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் ஊர்வலம் போனார்கள். பெண்கள் கம்மலையும் மோதிரத்தையும் கழற்றி யுத்த நிதிக்குக் கொடுத்தார்கள், என் மனைவியும் கொடுத்தாள். தலைமையாசிரியர் என்னைக் கூப்பிட்டு, பாடப்புத்தகத்தில் சீனப் பெருஞ்சுவர் வருகிற பாடத்தை இந்த வருஷம் விட்டுவிடலாமா என்று கேட்டார். சுவர் கட்டி ரொம்ப நாள் ஆகிவிட்டது என்றேன். அவர் சிரிக்கவில்லை. பாடத்தை விட்டுவிட்டோம். சிவகாசியில் டிராகன் படம் போட்ட லேபிளையெல்லாம் நிறுத்தினார்கள். அண்ணாச்சியின் அச்சகத்தில் படம் வரைகிறவர் கொஞ்சம் கெட்டிக்காரர், டிராகனின் வாலைச் சுருக்கி, பிடரி மயிர் வரைந்து, சிங்கமாக்கிவிட்டார். அச்சாகிக் கிடந்த பழைய டிராகன் தாள்களில் ஒரு கட்டை, பின்பக்கம் வெள்ளையாக இருக்கிறது என்று அண்ணாச்சி எனக்கு ரஃப் எழுதக் கொடுத்தார்.

ஒருநாள் சாதாரணச் சட்டை போட்ட ஒரு போலீஸ்காரர் வீட்டுக்கு வந்தார். நல்ல மனுஷன், செருப்பை வாசலில் கழற்றிவிட்டுத்தான் உள்ளே வந்தார். தேயிலைப் பெட்டியைப் பார்த்தார். நான் எழுதின புத்தகம் எதைப் பற்றி என்று கேட்டார். பழைய ராஜாக்கள் என்றேன்.

"எம்புட்டுப் பழசு?"

"நம்ம திருமலை நாயக்கருக்கெல்லாம் ரொம்ப முந்தி."

"இப்ப இருக்கிறவங்க யாரும் வரலையா?"

"வரலை. அவங்க வர்றதுக்கு முன்னாலயே புத்தகம் முடிஞ்சிரும்."

அவர் முகத்தில் ஏமாற்றம் தெரிந்தது. என் மனைவி கொடுத்த காப்பியைக் குடித்துவிட்டு, முழங்கால் வலிக்கு ஒரு மாத்திரையும் கேட்டு வாங்கிக்கொண்டு போனார். மறுபடி வரவில்லை. ஆனால் அவர் வந்து போனது தெருவுக்குத் தெரிந்துவிட்டது, சிவகாசிக்கும் தெரிந்துவிட்டது.

அண்ணாச்சி பயந்தார். அவரைக் குற்றம் சொல்ல மாட்டேன், லைசென்சை நம்பித் தொழில் செய்கிறவர்கள் எல்லாரும் பயந்துதான் இருந்தார்கள். "சத்தம் அடங்கட்டும் சார். நான் தார்ப்பாய் போட்டுக் கட்டி வச்சிருக்கேன். ஒரு தாள் வெளிய போகாது" என்றார். அவர் நிஜமாகவே தார்ப்பாய் போட்டுக் கட்டியதை என் கண்ணால் பார்த்தேன். பிறகு நான் சனிக்கிழமைகளில் சிவகாசி போவதை நிறுத்திவிட்டேன். சண்டை நின்றது. ஆனால் சீனா என்ற வார்த்தையைச் சொன்னால் முகம் சுளிப்பது நிற்கவில்லை. நானும் காத்திருந்தேன். காத்திருப்பதற்கும் மறந்துபோவதற்கும் நடுவில் ஒரு நிலை உண்டு. அதில் அடுத்த கோடை வரைக்கும் இருந்தேன்.

அந்தக் கோடையில் பெரியம்மை பரவியது. என் மனைவியை ஊர் ஊராக அம்மை குத்த அனுப்பினார்கள். ஒருநாள் சாத்தூர்ப் பக்கம் அச்சங்குளம் போய்விட்டு, கால் முழுக்கப் புழுதியோடு வந்து உட்கார்ந்தாள். ஒரு செம்புத் தண்ணீர் குடித்தாள். பிறகு என்னைப் பார்த்து, "ஏங்க, அந்த மூணாவது தம்பி என்ன எழுதுனான்?" என்றாள்.

எனக்குப் புரியவில்லை.

"அதான், ராசாவைக் கொன்ன மந்திரி கதை. நீங்க படிச்சப்ப ரெண்டாவது தம்பியைக் கொன்ன இடத்துல நான் தூங்கிட்டேன் போல. அச்சங்குளத்துல பொம்பளைக கேக்காக."

"அச்சங்குளத்துல யாரு? அவங்களுக்கு எப்பிடித் தெரியும்?"

"வெடிக்குழாய் சுத்துற பொம்பளைக. மரத்தடியில ஒருத்தி சத்தமா வாசிச்சுக்கிட்டு இருந்தா. எங்கயோ கேட்ட வரியா இருக்கேன்னு நின்னேன். உங்க வரி."

அவள் சொல்லி முடிப்பதற்குள்ளேயே எனக்கு விஷயம் விளங்கிவிட்டது. அவளுக்கும் வழியில் பஸ்ஸில் வரும்போதே விளங்கியிருக்கிறது, நேராகச் சொல்ல மனசு வராமல் மூன்றாவது தம்பியை முன்னால் விட்டிருக்கிறாள்.

பட்டாசுக்கு உடம்பு காகிதம்தான். ஊரில் யாருக்கும் வேண்டாத காகிதம் எல்லாம், பழைய பேப்பர், பிழையாகிப்போன லேபிள், விற்காத வாரப் பத்திரிகை எல்லாம், பட்டை பட்டையாக வெட்டப்பட்டுக் கிராமங்களுக்குப் போகும். அங்கே பெண்கள் அதை ஒரு கம்பியில் பசை தடவிச் சுற்றிக் குழாயாக்குவார்கள். பிறகு கம்பெனியில் அந்தக் குழாய்க்குள் மருந்து ஏறும்.

மறுநாளே சிவகாசி போனேன். அண்ணாச்சிக்கு ஒன்றும் தெரியவில்லை. என்னைக் கூட்டிக்கொண்டு கிட்டங்கிக்குப் போனார். மூலை காலியாக இருந்தது. தார்ப்பாய் நன்றாக மடித்து ஓர் ஓரத்தில் வைக்கப்பட்டிருந்தது. மேஸ்திரி வந்தான். ஒரு தீபாவளி தாண்டிய தாள் கிட்டங்கியில் இருக்கக் கூடாது, அடுத்த சீசனுக்கு முன் இடத்தைக் காலி பண்ணிவிட வேண்டும், அதுதான் அந்த ஊர் அச்சகங்களின் வழக்கம். வருஷாவருஷம் செய்கிற காரியத்தை அவன் அந்த வருஷமும் செய்திருக்கிறான். அட்டை இல்லை, தலைப்புப் பக்கம் இல்லை, பைண்டிங் இல்லை. அவன் கண்ணுக்கு அது புத்தகமே இல்லை.

"சொன்னேனேலே உன்கிட்ட" என்றார் அண்ணாச்சி.

"நனையாமப் பாத்துக்கோன்னுதான் மொதலாளி சொன்னீக. நனையாமத்தான் லோடு ஏத்துனேன்" என்றான் அவன்.

அண்ணாச்சி அங்கேயே ஒரு காகிதக் கட்டின் மேல் உட்கார்ந்துவிட்டார். அவர் கண் கலங்கியதைப் பார்த்தபோது எனக்கும் அழுகை வந்தது. கோபம் வரவில்லை. கோபம் வந்திருந்தால் நன்றாயிருக்கும், ஒரு பிடிப்பாவது இருந்திருக்கும். சீனத்தில் ஒரு பேரரசன் புத்தகங்களையெல்லாம் கொளுத்தச் சொல்லி ஆணை போட்டான் என்று நானே எழுதியிருந்தேன். அங்கே கொளுத்துவதற்கு ஓர் அரசன் வேண்டியிருந்தது. எங்களுக்கு ஒரு கிட்டங்கியைக் காலி பண்ணும் வழக்கம் போதுமாயிருந்தது.

"மிச்சம் கிடந்தா எடுத்துக்கலாம் சார், போயிப் பாருங்க" என்று காகிதம் ஏற்றிப் போகும் வண்டியிலேயே என்னை அச்சங்குளத்துக்கு அனுப்பிவைத்தார்.

ஊர்ப் பொதுவில் ஒரு வேப்பமரம். அதன் நிழல் போகப் போகப் பெண்கள் நகர்ந்து உட்கார்ந்து குழாய் சுற்றிக்கொண்டிருந்தார்கள். நர்சம்மா வீட்டுக்காரர் என்று சொன்னதும் ஒரு சாக்கை விரித்துப் போட்டார்கள். அவர்களில் வாசிக்கிறவள் யார் என்று கேட்க வேண்டியிருக்கவில்லை. நாற்பது வயதிருக்கும், ஐந்தாம் வகுப்பு வரை படித்தவளாம், மடியில் பட்டைகளை அடுக்கிவைத்து, சுற்றுவதற்கு முன் ஒவ்வொன்றையும் வாய்விட்டு வாசித்துக்கொண்டிருந்தாள்.

எனக்கு அதுவரை தெரியாத ஒரு வழக்கம் அங்கே இருந்தது. வாரப் பத்திரிகைத் தாள்கள் வருகிறபோது அதில் தொடர்கதைகள் துண்டு துண்டாக வரும். ஒருத்தி கட்டில் ஆரம்பம் இருக்கும், இன்னொருத்தி கட்டில் நடு இருக்கும். யாரிடம் அடுத்த பக்கம் இருக்கிறது என்று கேட்டு, வாங்கி, வாசித்து, திருப்பிக் கொடுத்த பிறகுதான் சுற்றுவார்கள். முடிவு யார் கட்டிலும் இல்லையென்றால் ஆளுக்கொரு முடிவு சொல்லி, எது நன்றாயிருக்கிறதோ அதை வைத்துக்கொள்வார்கள். என் சீனாவையும் அவர்கள் இப்படித்தான் வாசித்திருக்கிறார்கள். முன்னும் பின்னும் மாறி, நடுவில் பள்ளம் விழுந்து, அரச வம்சங்கள் தலைகீழாக. ஆனால் வாசித்திருக்கிறார்கள். அத்தனை வருஷத்தில் என் மனைவியையும் அச்சுக்கோப்பவர்களையும் தவிர அதை வாசித்தவர்கள் இவர்கள்தான்.

நான் வந்த காரியத்தைச் சொன்னேன். அவள் கையை முந்தானையில் துடைத்துக்கொண்டு என்னைப் பார்த்தாள்.

"நீங்கதான் எழுதுனதா?"

"ஆமா."

"அப்ப மூணாவது தம்பி என்ன எழுதுனான்னு மொதல்ல சொல்லுங்க. இவளும் நானும் இதுக்காகப் பேச்சுவார்த்தையே நிப்பாட்டிட்டோம்" என்று பக்கத்தில் இருந்தவளைக் காட்டினாள்.

கதை இதுதான். ஒரு சிற்றரசில், அமைச்சன் மனைவியோடு அரசனுக்குத் தொடுப்பு. அமைச்சன் அரசனைக் கொன்றுவிட்டான். அரண்மனையில் நடப்பதை எழுதிவைக்கும் வேலை ஒரு குடும்பத்துக்கு உரியது. மூத்தவன் மூங்கில் பட்டையில், 'அமைச்சன் தன் அரசனைக் கொன்றான்' என்று எழுதினான். அமைச்சன் அவனைக் கொன்றான். முதல் தம்பி வந்து அதையே எழுதினான், அவனையும் கொன்றான். இரண்டாவது தம்பியும் அதையே எழுதினான், அவனையும் கொன்றான். மூன்றாவது தம்பி வந்து உட்கார்ந்தான். அவர்களுக்குக் கிடைத்த பக்கம் அந்த இடத்தோடு முடிந்துவிட்டது.

"நான் சொல்றேன், அவன் பெண்டாட்டி ஊருக்கு ஓடிப்போயிருப்பான்" என்றாள் பேச்சை நிறுத்தியிருந்த பக்கத்துக்காரி. "இவ சொல்றா, ராசா காய்ச்சல்ல செத்தாருன்னு மாத்தி எழுதியிருப்பானாம்."

"பிள்ளைகுட்டிக்காரன் வேற என்ன செய்வான்? ராசா மட்டும் யோக்கியமா?" என்றாள் வாசிக்கிறவள்.

"அவனும் அதையேதான் எழுதினான்" என்றேன்.

சுற்றிக்கொண்டிருந்த கைகள் நின்றன. நான் அன்றைக்கு எதையும் நடத்தும் மனநிலையில் இல்லை, பாடம் சொல்லவும் விரும்பவில்லை, சொல்லி முடித்துவிட்டு மிச்சத் தாளை வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போக வேண்டும் என்றுதான் இருந்தது.

"கிறுக்குப் பய" என்றாள் ஒருத்தி.

"அவனையும் கொன்னுட்டானா?"

"இல்லம்மா. விட்டுட்டான்."

"ஏன்?"

"காரணம் எந்தப் புத்தகத்திலயும் போடலை."

வாசிக்கிறவள் குழாயிலிருந்து கம்பியை உருவினாள். "சலிச்சுப் போயிருக்கும்" என்றாள். "எம்புட்டுப் பேரைத்தான் கொல்லுவான்."

தெற்கேயிருந்து இன்னொரு சரித்திரக்காரன் வந்த கதையையும் சொன்னேன். அண்ணன் தம்பி எல்லாரும் செத்தார்கள் என்று கேள்விப்பட்டு, தானாவது எழுதுவோம் என்று மூங்கில் பட்டைகளைத் தூக்கிக்கொண்டு புறப்பட்டான். வழியில், எழுதியாகிவிட்டது என்று சொன்னார்கள். அப்படியா என்று வீட்டுக்குத் திரும்பிவிட்டான். அவனை எல்லாருக்கும் பிடித்துவிட்டது. "வேலை மிச்சம்" என்று சிரித்தார்கள்.

மிச்சப் பட்டைகளைக் கேட்டேன். அவள் முகம் மாறியது.

"நிறுத்துக் கொடுத்த தாளு சார். குழாயா நிறுத்துத்தான் வாங்குவாக. குறைஞ்சா என் தலையில விடியும்." கொஞ்சம் யோசித்தாள். "ஒண்ணு செய்வோம். உங்க தாளை நாங்க கடைசியா சுத்துறோம். பஸ் வர்ற வரைக்கும் நீங்க பாத்து எழுதிக்கோங்க."

மற்றவர்களும் தங்கள் கட்டிலிருந்து என் எழுத்துகளைப் பொறுக்கி எடுத்து என் முன்னால் வைத்தார்கள். சில பட்டைகளில் முழுப் பக்கம் இருந்தது, சிலவற்றில் பாதி. பையில் இருந்த டிராகன் தாள்களைத் திருப்பிப் போட்டு வெள்ளைப் பக்கத்தில் பென்சிலால் எழுதத் தொடங்கினேன். பரீட்சைக் கிழவர்கள் கிடைத்தார்கள். சாமியார்களின் பொசுங்கின முகம் கிடைத்தது, எரிந்த வீடு கிடைக்கவில்லை. மாற்றலாகிப் போன ஒரு கவிஞன் படகில் ஏறினான், இறங்கும் பக்கம் யாரிடமும் இல்லை. நான் எழுதி முடித்து ஒவ்வொரு பட்டையாகத் திருப்பிக் கொடுக்க, அவள் வாங்கிப் பசை தடவி என் கண் முன்னாலேயே சுற்றினாள். அதைப் பார்க்கக் கஷ்டமாகத்தான் இருந்தது. ஆனால் சுற்றாதே என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. பஸ் வந்தபோது அவள் பக்கத்தில் இன்னும் ஒரு கட்டு பாக்கி இருந்தது. "அடுத்த லோடு வர்றதுக்குள்ள முடிச்சாகணும் சார்" என்றாள். தலையாட்டிவிட்டு ஏறினேன்.

அந்த டிராகன் தாள்களைத் தேயிலைப் பெட்டிக்குள் போட்டேன். மனைவி எதுவும் கேட்காமல் மேலே துணியை மடித்து வைத்தாள். மறுபடி எழுத வேண்டும் என்று யாராவது சொன்னால் எரிந்து விழுவேன் என்று அவளுக்குத் தெரிந்திருக்க வேண்டும். சீனத்தில் புத்தகங்கள் எரிந்த பிறகு ஒரு கிழவர் நினைவிலிருந்தே ஒரு முழு நூலைச் சொன்னாராம். எனக்கு நேற்று நடத்திய பாடமே ஞாபகம் இருப்பதில்லை. ஐந்து வருஷம் எழுதியதை இன்னொரு ஐந்து வருஷம் எழுதி, அதையும் ஏதோ ஒரு கிட்டங்கி மூலையில் அடுக்கி வைக்க என் உடம்பிலும் மனசிலும் ஒன்றும் மிச்சமில்லை.

தீபாவளி வந்தது. எங்கள் வீட்டில் வெடி வாங்குவதில்லை, வாங்க வேண்டிய அவசியமும் இல்லை, தெருவே வெடித்துக்கொண்டிருக்கும். காலையில் தெருவெல்லாம் காகிதக் குப்பை. பால் வாங்கப் போகிறவன் மாதிரி இறங்கி, குனிந்து குனிந்து பார்த்துக்கொண்டே தெருமுனை வரை போனேன். பேப்பர் துண்டு, சினிமா விளம்பரத் துண்டு, ஒரு ஜோசியத் துண்டு. என்னுடையது ஒரு வரிகூட இல்லை. அந்தக் கம்பெனிச் சரக்கு வடக்கே பம்பாய்க்கும் கல்கத்தாவுக்கும் போகும் என்று பிறகு அண்ணாச்சி சொன்னார். ஆக, தமிழ் ஓர் எழுத்தும் தெரியாத ஊர்களின் தெருக்களில் அது சிதறிக் கிடந்திருக்கிறது. அன்றைக்கு நான் பால் வாங்காமலே வீட்டுக்கு வந்துவிட்டேன்.

மழை விட்ட பிறகு ஒருநாள் என் மனைவி மறுபடி அச்சங்குளம் போக வேண்டி வந்தது. சாயங்காலம் வந்து, வழக்கம்போலச் சுவரில் சாய்ந்து காலை நீட்டினாள்.

"அந்தப் பொம்பளைக கதையைப் புதுசா வந்தவளுகளுக்கெல்லாம் சொல்லிட்டாக. நாலு அண்ணன் தம்பி, தெக்கேயிருந்து வந்தவன், ஒண்ணு விடலை. உங்களைக் கேட்டாக."

"என்ன கேட்டாங்க?"

"வாத்தியாரய்யா திரும்ப எழுதி முடிச்சுட்டாகளான்னு கேட்டாக. எழுதிக்கிட்டு இருக்காகன்னு சொல்லிட்டேன். அந்த மரத்தடிக்கு நான் இன்னும் எத்தனையோ தடவை போகணும். என்னைப் பொய்க்காரி ஆக்கிராதீக."

வெள்ளைச் சேலையை மடியில் போட்டுக்கொண்டு கண்ணை மூடிக்கொண்டாள். நான் தேயிலைப் பெட்டியின் மேலிருந்த துணிகளை எடுத்துக் கீழே வைத்தேன். டிராகன் தாள்களில் வெள்ளைப் பக்கம் நிறைய மிச்சம் இருந்தது. பேனாவில் மை காய்ந்திருந்தது, கழுவி ஊற்ற வேண்டியிருந்தது.

"கேட்டுக்கிட்டுத்தான் இருக்கேன், படிங்க" என்றாள் அவள், தூக்கக் குரலில்.

படிக்க ஒன்றும் இல்லை. எனக்குக் கை, கழுத்து, முதுகு எல்லாம் ஒரே சலிப்பு. ஒரு தாளைத் திருப்பிப் போட்டு, 'அமைச்சன் தன் அரசனைக் கொன்றான்' என்று எழுதினேன்.